குறையாத ஒலியும் குறைந்த செவியும்

ஆங்கிலப் பாட்டில் தமிழனுக்கு என்ன வேலை என்று என்னைக் கேட்ட நண்பர்கள் பலர். தமிழ்க் குடும்பங்களுக்கென்று வரும் இத்திங்களிதழில் அதைப் பற்றியே எழுத முன்வந்தது கண்டு அவர்கள் இன்னும் வியப்படையக் கூடும். நான் இசை கற்றவன் அல்லேன். பத்தாம் வகுப்போடு படிப்பை முடித்து, இரயில்வேயில் கடைநிலைப் பணியில் சேர்ந்து, பின்னர்த் துறைத்தேர்வு எழுதி எழுத்தன் ஆனவன். ஆயினும், பாட்டுக் கேட்கும் என் பழக்கத்தின் வழியாக எல்லாக் குடும்பங்களுக்கும் பயன்படக்கூடிய செய்தி ஒன்று எனக்குக் கிட்டியது. அதனைச் சொல்லவே இக்கட்டுரை.

பெங்களூரில் வாழ்வோர்க்கு ஆங்கில இசை முற்றிலும் அயலானது அன்று. அல்சூர், மர்பி டவுன், காக்ஸ் டவுன் ஆகிய பகுதிகளில் தமிழரும் ஆங்கிலோ-இந்தியரும் அடுத்தடுத்த வீடுகளில் வாழ்ந்து வந்திருக்கின்றனர். உலகப் புகழ் பெற்ற ஆங்கிலேய இசைக்குழுக்களும் இந்நகரை மறக்கவில்லை. 2003ஆம் ஆண்டு ஏப்ரலில் ரோலிங் ஸ்டோன்ஸ் குழுவினரும், 2007ஆம் ஆண்டு மார்ச்சில் அயர்ன் மெய்டன் குழுவினரும் அரண்மனை மைதானத்தில் பாடினர். என் இளமையில் எங்கள் அண்டை வீட்டில் இருந்தவர், ஓய்வு பெற்ற இரயில் ஓட்டுநர் ஒருவர், ஆங்கிலோ-இந்தியர். மாலை வேளைகளில் அவர் வீட்டு ஒலிநாடாக் கருவியிலிருந்து பீட்டில்ஸ் குழுவின் பாடல்கள் சுவர் தாண்டி எங்கள் வீட்டுக்குள் வரும். பொருள் விளங்காத வயதிலேயே அந்த மெட்டுகள் என் நெஞ்சில் தங்கிவிட்டன.

பீட்டில்ஸ் என்போர் இங்கிலாந்தின் துறைமுக நகரமாகிய லிவர்பூலில் தோன்றிய நால்வர். ஜான் லெனன், பால் மெக்கார்ட்னி, ஜார்ஜ் ஹாரிசன், ரிங்கோ ஸ்டார் என்பன அவர்தம் பெயர்கள். 1963 முதல் 1970 வரை அவர்கள் வெளியிட்டவற்றுள் முதன்மையான இசைத்தொகுப்புகள் 13. எட்டே ஆண்டுகளில் 13 தொகுப்புகள்! அவற்றுள் முதல் தொகுப்பிலுள்ள 14 பாடல்களில் 10 பாடல்கள், 1963ஆம் ஆண்டு பிப்ரவரி 11ஆம் நாள் ஒரே பகலிரவில் பதிவு செய்யப்பட்டவை என்று அறியும்போது அவர்கள் உழைப்பை எண்ணித் தலை வணங்கவே தோன்றுகிறது.

இந்தியாவுக்கும் அவர்களுக்கும் உறவு உண்டு. 1965இல் வெளிவந்த தொகுப்பில் ஹாரிசன் சித்தார் வாசித்தார். 1967இல் வந்த 'சார்ஜென்ட் பெப்பர்' தொகுப்பில் தில்ருபாவும் தபேலாவும் தம்புராவும் சேர்ந்து ஒலிக்கும் பாடல் ஒன்று இருக்கிறது. 1968 ஜனவரியில் ஹாரிசன் பம்பாய்க்கே வந்து, அங்கிருந்த எச்.எம்.வி. ஒலிப்பதிவுக் கூடத்தில், நம் நாட்டுக் கலைஞர்களை வாசிக்கச் செய்து 'தி இன்னர் லைட்' என்னும் பாடலுக்கு இசை பதிந்து சென்றார்.

இப்பாடல்களை நான் பல ஆண்டுகள் எம்.பி.3 என்னும் வடிவிலேயே கேட்டு வந்தேன். செல்பேசியில் நண்பர்கள் தந்த கோப்புகள் அவை. அண்மைக் காலத்தில்தான் 'லாஸ்லெஸ்' எனப்படும் குறையாத ஒலியைப் பற்றி அறிந்தேன். அஃது என்ன என்பதை, நான் அறிந்த அலுவலக நடைமுறையைக் கொண்டே விளக்க முற்படுகிறேன்.

குறுந்தகடு ஒன்றில் ஒலியானது எண்களாக எழுதப்பட்டிருக்கிறது. ஒரு வினாடியை 44,100 கூறுகளாக்கி, ஒவ்வொரு கூற்றிலும் ஒலியின் அளவு எவ்வளவு என்று 65,536 படிகளுள் ஒரு படியாகக் குறித்து வைக்கிறார்கள். இடச்செவிக்கு ஒரு வரிசை, வலச்செவிக்கு ஒரு வரிசை. ஆதலால் ஒரு நிமிடப் பாட்டுக்கே ஏறத்தாழ 10 மெகாபைட் இடம் வேண்டியிருக்கிறது. 1990களின் கணினிகளில் அவ்வளவு இடத்துக்கு எங்கே போவது? அதற்காக ஜெர்மானிய அறிஞர்கள் முன்நின்று உருவாக்கியதுதான் எம்.பி.3. பரவலாக வழங்கிய 128 கிலோபிட் அளவில், அது குறுந்தகட்டின் ஒலியைப் பதினொன்றில் ஒரு பங்காகச் சுருக்கியது.

எப்படிச் சுருக்கியது? கண்டோன்மென்ட் நிலையத்தில் நண்பரோடு பேசிக்கொண்டு நிற்கிறோம். விரைவு வண்டி ஒன்று நிற்காமல் கடந்து போகிறது. அந்த நேரத்தில் நண்பர் மெல்லப் பேசுவது நம் காதில் விழுவதில்லை. பெரிய ஒலி அருகிலுள்ள சிறிய ஒலியை மறைத்துவிடுகிறது. செவியின் இந்த இயல்பை ஆராய்ந்து, 'எப்படியும் கேட்கப் போவதில்லை' என்று கருதப்படும் ஒலிகளை எம்.பி.3 நீக்கிவிடுகிறது அல்லது கரடுமுரடாக எழுதிவைக்கிறது. 128 கிலோபிட் அளவில் சுருக்கும்போது, வினாடிக்கு 16,000 அதிர்வுகளுக்கு மேற்பட்ட ஒலிகளைப் பெரும்பாலும் அடியோடு வெட்டிவிடுவதும் உண்டு.

குறையாத ஒலியின் முறை வேறு. 2001இல் முதற்பதிப்பாக வந்த 'ஃபிளாக்' என்னும் வடிவம் இதற்கு எடுத்துக்காட்டு. எங்கள் அலுவலகப் பதிவேட்டில் பெங்களூரிலிருந்து ஜோலார்பேட்டைக்குச் சென்ற 40 மூட்டைகளைப் பதிய வேண்டியிருந்தால், முதல் வரியில் மட்டும் ஊர்ப்பெயர்களை எழுதி, அடுத்த 39 வரிகளிலும் 'மேற்படி' என்று எழுதுவோம். மையும் இடமும் மிச்சம். ஆனால் செய்தி ஒன்றும் அழியவில்லை. எவர் வேண்டுமானாலும் அதைப் பார்த்து முழுமையாகத் திரும்ப எழுதிவிடலாம். ஃபிளாக் செய்வது ஏறக்குறைய இதுவே. கோப்பு பாதி அளவுக்குச் சுருங்கினாலும், திறக்கும்போது ஓர் எண்கூடப் பிசகாமல் திரும்பி வருகிறது. எம்.பி.3 என்பதோ, '40 மூட்டைகள் சென்றன' என்று மேலதிகாரிக்கு எழுதும் சுருக்க அறிக்கை போன்றது. படிப்பவர்க்கு அது போதும். ஆனால் எந்த மூட்டை எவருடையது என்று அதிலிருந்து பின்னர்க் கண்டுபிடிக்க முடியாது. எம்.பி.3 கோப்பை ஃபிளாக் ஆக மாற்றி விற்போரும் இருக்கின்றனர். போன ஒலி அதனால் திரும்புவதில்லை. கோப்பு பெரிதாவது மட்டுமே பயன்.

அல்சூர் ஏரிக்கரையில் வள்ளுவர் சிலை திறக்கப்பட்ட அதே 2009ஆம் ஆண்டில், இலண்டனிலுள்ள அபே ரோடு ஒலிப்பதிவுக் கூடத்தில் நான்கு ஆண்டு உழைப்புக்குப் பின் செப்பம் செய்யப்பட்ட பீட்டில்ஸ் தொகுப்புகள் புதிய குறுந்தகடுகளாக வெளிவந்தன. அவற்றைப் பழைய பொருள் விற்கும் கடைகளில் ஒவ்வொன்றாகத் தேடி இரண்டு ஆண்டுகளில் 13 தொகுப்புகளையும் சேர்த்தேன். கணினியில் ஃபிளாக் கோப்புகளாக எடுத்துக்கொண்டேன். எஸ்.பி. சாலைக் கடையொன்றில் செல்பேசியோடு இணைக்கும் சிறு கருவியும், கம்பி உள்ள ஹெட்போன் ஒன்றும் வாங்கினேன். கம்பி எதற்கு என்றால், புளூடூத் வழியே செல்லும்போது பெரும்பாலான கருவிகளில் ஒலி மறுபடியும் சுருக்கப்படுகிறது. கிணற்றைத் தூர்வாரிவிட்டு ஓட்டைக் குடத்தில் நீர் சுமப்பானேன்?

ஞாயிறுதோறும் ஒரு தொகுப்பு என்று, வெளிவந்த வரிசையிலேயே பதின்மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் கேட்டேன். முதல் தொகுப்பின் கடைசிப் பாட்டு, அந்த ஒரு நாள் பதிவின் இறுதியில் பாடப்பட்டது. லெனனுக்கு அன்று சளி. நாள் முழுதும் பாடிக் களைத்த அவர் தொண்டை கிழிவது போன்ற கரகரப்பை, பழைய கோப்பில் வெறும் இரைச்சல் என்றே கேட்டிருந்தேன். இப்போது அது களைத்த மனிதர் ஒருவரின் குரலாகக் கேட்டது. 1967ஆம் ஆண்டுப் பாடலில் தம்புராவின் ரீங்காரம், ஒரே ஓசையாக இல்லாமல், உள்ளுக்குள் பல ஓசைகளாக விரிந்து விரிந்து மடிவது தெரிந்தது. குதிரையின்மேல் கம்பிக்கு அடியில் மெல்லிய நூலைச் செருகித் தம்புராவுக்கு உயிரூட்டுவார்களே, அந்த உயிர் இலண்டன் பதிவிலும் இருக்கிறது.

எல்லாவற்றுக்கும் மேலாக, அதே தொகுப்பின் இறுதியில் வரும் 'எ டே இன் தி லைஃப்' என்னும் பாட்டின் முடிவைச் சொல்ல வேண்டும். மூன்று பியானோக்களை ஒரே கணத்தில் தட்டி, அந்த ஒலி தேய்ந்து மறையும்வரை 40 வினாடிகளுக்கு மேல் பதிந்திருக்கிறார்கள். ஒலி தேயத் தேயப் பொறியாளர் பதிவின் அளவைக் கூட்டிக்கொண்டே போனார். அதனால், கடைசியில் கூடத்தின் மூச்சே கேட்கிறது. எவரோ அசைய நாற்காலி கிறீச்சிடுகிறது. 1967 பிப்ரவரி 22ஆம் நாள், இலண்டனில், மூச்சை அடக்கி நின்ற மனிதர்களின் நடுவே நானும் நிற்பது போன்ற உணர்வு எனக்கு உண்டாயிற்று.

உண்மையை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். 320 கிலோபிட் அளவிலான நல்ல எம்.பி.3 கோப்பையும் ஃபிளாக் கோப்பையும், எது எதுவென்று சொல்லாமல் மாற்றி மாற்றி ஒலிக்கச் சொல்லி மனைவியின் உதவியோடு சோதித்தேன். இருபது முறையில் பதினொரு முறை சரியாகச் சொன்னேன். நாணயத்தைச் சுண்டிப் பார்த்திருந்தாலும் அவ்வளவு கிட்டியிருக்கும். 128 அளவிலான பழைய கோப்புக்கும் ஃபிளாக்குக்கும் உள்ள வேறுபாடு மட்டும் ஐயத்துக்கு இடமின்றித் தெரிந்தது. ஆகவே, பொருள் செலவிட விரும்பாதோர் வருந்த வேண்டுவதில்லை. நல்ல முறையில் சுருக்கிய கோப்பே பெரும்பாலோர் செவிக்குப் போதும்.

இனி, நான் சொல்லவந்த செய்திக்கு வருகிறேன். அந்தத் தொகுப்பின் கடைசியில், பாட்டெல்லாம் முடிந்த பிறகு, 15,000 அதிர்வு அளவில் மிக உயர்ந்த ஒலி ஒன்றை வைத்திருக்கிறார்கள். வீட்டு நாய்களை வெருட்டலாம் என்று லெனன் வேடிக்கையாகச் செய்த யோசனை அது. நாய் இல்லாத எங்கள் வீட்டில் அதை மனிதர்களுக்கே போட்டுக் காட்டினேன். ஒன்பது வயது நிரம்பிய என் மகள் காதைப் பொத்திக்கொண்டு எழுந்து ஓடினாள். எனக்கு அது ஊசிமுனை போல் இலேசாகக் கேட்டது. என் தந்தையார், "பாட்டு முடிந்துவிட்டதா?" என்று கேட்டார்.

முதியவர்க்கு அந்த ஒலி கேளாமை இயல்பே. ஆனால் நான் வேறு பாட்டுகளையும் போட்டுப் பார்த்தேன். பித்தளைத் தட்டுகளின் ஓசை அவருக்கு இல்லை. தம்புராவின் உள்ஓசைகள் இல்லை. மெக்கார்ட்னியின் தாழ்ந்த கிதார் ஒலிக்கு மட்டும் அவருடைய விரல்கள் நாற்காலிக் கையில் தாளம் போட்டன. சொற்கள் எப்படி என்று கேட்டேன். "சத்தம் கேட்கிறது, சொல் கேட்கவில்லை" என்றார். சற்றுப் பொறுத்து, "உங்கள் பேச்சும் அப்படித்தான்" என்றார்.

தந்தையார் திருப்பத்தூர்ப் பக்கத்திலிருந்து பிழைப்புக்காக இந்நகர் வந்தவர். தொழிற்கூடம் ஒன்றில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் எந்திர இரைச்சலின் நடுவே வேலை செய்தவர். சில ஆண்டுகளாக அவர் பேச்சுக் குறைந்து வந்தது. கேட்டதற்குப் பொருத்தமில்லாத விடை சொல்வார். பிறகு விடை சொல்வதையே விட்டுவிட்டார். உறவினர்கள் அதற்கு வயதைக் காரணமாகச் சொன்னார்கள். வேறு சிலர் மருமகளிடம் மனத்தாங்கல் என்றும் சொன்னார்கள்.

ஒரு நாள் அவரை மைசூருக்கு அழைத்துச் சென்றேன். அங்கே மானசகங்கோத்ரியில், 1966 முதல் இயங்கிவரும் அகில இந்தியப் பேச்சு கேட்பு நிறுவனம் இருக்கிறது. ஓசை புகாத அறையில் அவரை உட்கார வைத்து, 250 முதல் 8,000 வரையிலான அதிர்வுகளில் ஒலி எழுப்பிச் செவியைச் சோதித்தனர். சோதனை முடிவை ஒரு வரைபடமாகத் தந்தனர். தாழ்ந்த ஒலிகளில் ஓரளவு நேராகச் சென்ற கோடு, 2,000 அதிர்வைத் தாண்டியதும் படியிலிருந்து தவறி விழுந்தாற்போல் கீழே இறங்கியிருந்தது.

அங்கிருந்தவர் விளக்கியது என் மனத்தில் பதிந்துவிட்டது. செவியின் உள்ளே நத்தைக் கூடு போன்ற உறுப்பில் மயிரிழை போன்ற நுண்ணிய அணுக்கள் இருக்கின்றன. பேரிரைச்சலில் நெடுங்காலம் உழன்றால் அவை மடிகின்றன. மடிந்தவை மீண்டும் முளைப்பதில்லை. உயர்ந்த ஒலிகளை வாங்கும் அணுக்களே முதலில் போகின்றன. நம் பேச்சில் உயிரெழுத்துகளின் ஓசை தாழ்ந்தது, வலிமை மிக்கது. க, ச, த, ப போன்ற வல்லெழுத்துகளை வேறுபடுத்திக் காட்டும் ஓசையோ உயர்ந்தது, மெலிந்தது. எனவே ஆகாரம் கேட்கும். அதன் முன்னே நின்ற மெய் கேளாது. பால், கால், தாள் மூன்றும் அவர் செவிக்கு ஏறக்குறைய ஒரே சொல். பால் வேண்டுமா என்று கேட்டால், கால் வலிக்கவில்லை என்று அவர் சொல்லிவந்ததன் காரணம் அதுவே.

வரைபடத்தைக் கையில் வைத்துக்கொண்டு, திரும்பும் வண்டியில் நெடுநேரம் அதையே பார்த்திருந்தேன். வெட்டப்பட்ட எம்.பி.3 கோப்பும் இப்படித்தான், ஓர் அளவுக்கு மேல் ஒன்றும் இல்லாமல் இருக்கும். ஆனால் கோப்புக்கு மூலப்பதிவு அபே ரோட்டில் பத்திரமாக இருக்கிறது. செவிக்கு மூலப்பதிவு கிடையாது.

இதில் எங்கள் வீட்டுக்கு நேர்ந்த மற்றோர் இழப்பையும் சொல்ல வேண்டும். என் மகள் பள்ளியில் கற்பது ஆங்கிலமும் கன்னடமும். தெருவில் அவள் பேசுவது கன்னடம். பணி முடிந்து நான் வீடு திரும்புமுன் அவள் தமிழ் கேட்டதெல்லாம் தாத்தாவிடமே. கதையும் பழமொழியும் உறவுமுறைப் பெயர்களும் அவரிடமிருந்தே அவளுக்கு வந்தன. அவர் செவி குறையப் பேச்சுக் குறைந்தது. அவர் பேச்சுக் குறையப் பேத்தியின் தமிழும் குறைந்தது. 'வாழைப்பழம்' என்பதை அவள் 'வாலப்பலம்' என்று சொன்னாலும் திருத்த ஆள் இல்லாமற் போயிற்று. வெளியூரில் வாழும் குடும்பங்களில் முதியவர் செவி ஒருவருக்கு மட்டும் உரியதன்று என்று இதனால் அறிந்தேன்.

தந்தையார் இப்போது செவிக்கருவி அணிகிறார். போனது முழுதும் வந்துவிட்டது என்று சொல்லமாட்டேன். கருவி, இல்லாத அணுக்களைப் படைப்பதில்லை. எஞ்சியவற்றுக்கு ஏற்ப, குறைந்த ஒலிகளை மட்டும் தூக்கித் தருகிறது. முதல் மாதம் தட்டு வைக்கும் ஓசையும் தாள் கசங்கும் ஓசையும் பொறுக்காமல் அதைக் கழற்றி வைப்பார். மெல்ல மெல்லப் பழகிக்கொண்டார். நாங்களும் அவர் முகத்துக்கு எதிரே நின்று, கத்தாமல், நிதானமாகப் பேசப் பழகிக்கொண்டோம். கத்தினால் கேட்கும் உயிரெழுத்துகளே இன்னும் பெரிதாகுமேயன்றி மெய்யெழுத்து விளங்காது. சென்ற திங்களில் ஒரு நாள், மகள் வாழைப்பழம் கேட்டபோது, உள்ளறையிலிருந்து, "நாக்கை மடித்துச் சொல்" என்று அவர் குரல் வந்தது. பதின்மூன்று தொகுப்புகளிலும் கேட்ட எந்த நுண்ணொலியும் எனக்கு அவ்வளவு இன்பம் தந்ததில்லை.

இளைஞர்களுக்கு ஒன்று சொல்ல விரும்புகிறேன். என் தந்தையார் செவியை இழந்தது பிழைப்புக்காக. ஹெட்போனில் உச்ச அளவில் பாட்டு வைத்து இழப்பதற்கு அப்படி ஒரு காரணமும் இல்லை. 80 டெசிபல் அளவில் வாரத்துக்கு 40 மணி நேரம் கேட்கலாம் என்றும், 90 டெசிபல் ஆனால் 4 மணி நேரமே கேட்கலாம் என்றும் உலக சுகாதார நிறுவனம் கூறுகிறது. மின்ரயிலிலும் பேருந்திலும் வெளி இரைச்சலை வெல்வதற்காக ஒலியைக் கூட்டுகிறோம். அப்போதுதான் கேடு மிகுதி. குறையாத ஒலியின் சிறப்பெல்லாம் அமைதியான அறையில், தாழ்ந்த அளவில் கேட்கும்போதே வெளிப்படுகிறது.

பெரியவர்கள் உள்ள இல்லங்களுக்கும் ஒரு வேண்டுகோள். அவர்கள் பேச்சுக் குறைந்தால், அதற்குக் கோபத்தையும் வயதையும் காரணமாகக் கொள்ளுமுன், செவியைச் சோதித்துப் பாருங்கள். மைசூருக்குக் காலையில் புறப்பட்டு இரவுக்குள் வீடு திரும்பிவிடலாம். எந்த வண்டியில் போவது, எதில் திரும்புவது என்று ஐயமிருப்போர் சங்கத்தில் என்னைக் கேட்கலாம். இசையில் எனக்குத் தெரிந்தது சிறிது. வண்டி நேரங்கள் நன்றாகத் தெரியும்.